ஆணி பாடாத வரி

நாள் 611, 09:10
சனியைச் சுற்றும் நிலையம். ஆள் நான் ஒருத்தி; ஒலி ஆய்வாளர். டைட்டன் காற்றின் ஒலிப்பதிவு முடிந்தது. இரைச்சலிலிருந்து ஒலியைப் பிரிக்கும் நிரல் சரியாக இயங்குகிறது. பூமிக்குச் செய்தி போய்ச் சேர எண்பது நிமிடம்.

ஓய்வில் அதே நிரலைக் கொண்டு மலேசியாவில் கிள்ளான் நகரத்தின் இரண்டு பழைய ராப் பாடகர்களின் குரல்களை இசையிலிருந்து பிரித்து, ஒரே பாட்டாகக் கோத்தேன். ஆணி ரவீந்திரன், பீரங்கி லோகன். இருபது ஆண்டு மேடையில் ஒருவரையொருவர் கிழித்தவர்கள். "டேய் ஆணி, உன் பாட்டுக்கு எங்க வீட்டு மிக்ஸி பரவால்லடா!" என்பார் லோகன். ஆணி சமாதானமாகாமலே இறந்துபோனார். லோகனுக்கு எழுபத்தொன்று, நுரையீரல் கெட்டு மருத்துவமனையில் இருக்கிறார். இப்படி ஒரு பாட்டு வேண்டுமென்று எனக்கு எழுதியவர் அவர் மகள் தர்ஷினி. அனுப்பிவிட்டேன்.

நாள் 613, 16:20
லோகன், சுவாச முகமூடிக்குள்ளிருந்து: "டாக்டரம்மா, கடைசியில 'வாடா, மேடை காலியாக் கெடக்கு'ங்கிறானே ஆணி! இத்தன வருசம் இத எங்க ஒளிச்சு வச்சிருந்தான், கழுத? என்னக் கூப்பிட்டிருக்கான்லா."

அழுதார் என்று நினைக்கிறேன்.

ஆணியின் பதிவில் கடைசி மூன்று விநாடி சிதைந்திருந்தது. நிரல் தானாக நிரப்பியது. எனக்குத் தெரியும். குறிப்புச் சேர்க்கவில்லை. பாட்டு நன்றாக இருந்தது; வேறு காரணமில்லை. என் மாணவர் இப்படிச் செய்திருந்தால் ஆய்வேட்டைத் திருப்பிக் கொடுத்திருப்பேன்.

நாள் 615, 08:30
தர்ஷினி: "டாக்டர், நாளைக்கு ஆபரேஷன். அப்பா வேண்டாங்கிறாரு. 'ஆணி கூப்பிட்டுட்டான், நான் போறேன்'ங்கிறாரு. நீங்க சொன்னா கேப்பாரு."

நிரலின் பதிவேட்டைத் திறந்து பார்த்தேன். அந்த வரி லோகனின் குரலிலிருந்து எடுக்கப்பட்டது. அவர் பதிவில் நாற்பத்தோராம் விநாடி. இளமையில் ஆணிக்கு அவர் விட்ட சவால். அவரே மறந்துவிட்டார். நிரல் அதை ஆணியின் குரலில் போட்டிருக்கிறது.

19:00
பதிலை ஒன்பது முறை பேசிப் பதிந்தேன். ஒன்பதையும் அழித்தேன்.

நாள் 616, 10:40
அனுப்பினேன். "லோகன் சார், அந்த வரி ஆணி பாடினது இல்ல. உங்க வரி. மெஷின் போட்டது. எனக்கு முன்னாடியே தெரியும். அவர் உங்களக் கூப்பிடல. ஆபரேஷன் பண்ணிக்குங்க." 12:00 மணிக்குத் தர்ஷினியின் கைபேசிக்குப் போய்ச் சேரும்.

11:35
தர்ஷினி. 10:15 மணிக்குப் பேசியது. "டாக்டர்... அப்பா காலையில மாஸ்க்கக் கழட்டிட்டாரு. திரும்பப் போட விடல. உங்க பாட்டப் போடச் சொன்னாரு. கடைசி வரி வந்ததும், 'இருடா, வர்றேன்'னு சிரிச்சாரு. அவ்ளோதான். இன்னும் சிரிச்ச முகமாத்தான் இருக்காரு. உங்களுக்கு எப்படி நன்றி சொல்றதுன்னே தெரியல."

11:37
"இதற்கு முன் வந்த என் செய்தியைத் திறக்காதீர்கள்" என்று தர்ஷினிக்கு அனுப்பினேன். அது சேர 12:57 ஆகும். கணக்குத் தெரிந்தேதான் அனுப்பினேன்.

11:52
நேற்றுக் காலையே அனுப்பியிருந்தால் அவர் கேட்டிருப்பார். இன்று அனுப்பாமலே இருந்திருந்தால் தர்ஷினி கேட்டிருக்க மாட்டாள். இரண்டையும் நான்...

12:00
இப்போது அவள் கையில் ஒலிக்கத் தொடங்கியிருக்கும். என் குரல். மிகத் தெளிவான பதிவு. இரைச்சல் துளியும் இல்லாமல்.