சாத்தியின் ஓடத்தை விடுவிக்கும் ஆணை

நீர் வற்றாமலும் நெறி பிறழாமலும் இந்நாடு நிலைபெறுக.

பேரேரி சூழ் குறுந்துறை நாட்டின் அரசுரிமையைத் தம் கொழுநருக்குப் பின் தனித்துத் தாங்கிவரும் ஏழிசைநங்கையாகிய நாம், தீவு அரண்மனையிலிருந்து, வடகரையின் கள்விலக்கு நாயகமும் நம் நம்பிக்கைக்குரியவருமாகிய கண்டன் பூவணவனார்க்கு விடுக்கும் ஓலை. நீரும் உம் சுற்றமும் உம் கரையில் விளக்கேற்றும் எல்லா மனைகளும் நலமுற்று வாழ்க.

ஓடக்காரி சாத்தி நேற்று மீனவர் பரிசல் ஒன்றில் ஏறி நம் அவைக்கு வந்தாள். தன் ஓடத்தில் கரை கடந்த வழிப்போக்கன் ஒருவனின் தயிர்ப்பானைக்குள் கள் இருந்ததென்றும், பானையை உடைத்து அவனைப் பிடித்த உம் காவலர் ஓடத்தையும் கரையேற்றி அரச முத்திரை இட்டுவிட்டனரென்றும் முறையிட்டாள். ஏறுவோரின் பானையைத் திறந்து பார்க்கும் உரிமை ஓடக்காரிக்கு எந்நாளும் இருந்ததில்லை என்றாள். தன்னை ஒரு சொல்லும் கேளாமல் தன் பிழைப்பைப் பிடுங்கியது அரசுதானா என்று வினவினாள். நம்மைப் போலவே குடியால் தானும் கணவனை இழந்தவள் என்று கூறி, மறைந்த மன்னரின் பெயரைச் சொல்லி, அவரைப் போலவே தன் கணவனும் நல்லவனாகத்தான் இருந்தான் என்றாள். அவையோர் திகைத்தனர். அவர் பெயரை என் காதுபட ஒருவரும் உரைக்காத அரண்மனை இது. என் மனம் நோகுமென்று எண்ணி எல்லோரும் வாயடைத்துக்கொண்டதில், அவரைப் பற்றிப் பேச எனக்கு ஓர் ஆள் இல்லாமற் போயிற்று. சாத்தியை நாம் கடிந்துகொள்ளவில்லை, உணவிட்டு அனுப்பினோம்.

மாலையில் நம் சாளரத்தின் கீழே கடக்கும் அவ்வோடத்தின் விளக்கைச் சில நாட்களாகக் காணாமல், காரணம் கேட்டு முன்னரே உம்மிடம் ஆள் விடுத்தோம். மதுவைச் சுமந்தது எதுவாயினும் அரசுக்குரியது என்று நம் மதுவிலக்கு ஆணையின் முதல் வரியை எழுதி, மறைந்த மன்னரின் நினைவை முன்னிட்டுச் சற்றும் இளகமாட்டேன் என மறுமொழி தந்தீர். உம் ஊக்கம் பெரிது. அதனோடு இரண்டாம் வரியையும் படிக்கும் பொறுமை சேர்ந்திருக்கலாம். உடையவர் அறிந்தே இடங்கொடுத்தார் என்பதை, அவர் வாய்மொழியும் கேட்டு அவையில் மெய்ப்பித்தாலன்றி, ஓடமோ வண்டியோ மாடோ மனையோ எடுக்கலாகாது என்பது அவ்வரி. மதுவையும் அது இருந்த பானையையும் அழிக்க உமக்கு அதிகாரம் உண்டு. அதற்கு அப்பால் நீள்வது அரசின் கை அன்று. அவர் நினைவைக் காட்டி ஒரு பெண்ணின் அடுப்பை அணைக்க நாம் யாருக்கும் உரிமை தரவில்லை.

ஆகவே, இவ்வோலை கண்டவுடன் முத்திரையை அகற்றி, ஓடத்தை நீரில் இறக்கிச் சாத்தியிடம் ஒப்புவிக்க. விசாரணையின்றி எடுத்த பிறர் உடைமைகளையும் அவ்வாறே திருப்பித் தருக. பின்னர், விளக்கேற்றிய அவ்வோடத்திலேயே நீரும் ஏறி இங்கு வருக. இங்கே உமக்கு ஒரு கடமை காத்திருக்கிறது.

தாய்வீட்டிலிருந்து நான் கொணர்ந்த பெட்டகத்தில், அவர் கடைசியாகக் கைவைத்த நறவுச் சாடி இன்னும் பாதி நிறைந்தபடி இருக்கிறது. நாடெங்கும் மதுவை அழிக்கச் சொல்லி ஆணை பிறப்பித்த அன்றும் அதை மட்டும் நான் எறியவில்லை. மாலையில் அறை வெறிச்சோடிக் கிடக்கையில் அதன் மூடியைத் திறப்பேன். அவர் பக்கத்தில் அமர்ந்திருப்பது போன்ற மணம் வரும். பிறகு மூடிவிடுவேன். சாத்தி அறியாதவள்; நான் அறிந்தவள். இவ்வோலையே என் வாய்மொழியாகட்டும். அவை கேட்டாலும் இதையே சொல்வேன். சாடியை என் கண்முன் உடைக்க வேண்டா. வெளியே கொண்டுபோய் உடைக்க. அறிந்தே மறைத்தமையால் பெட்டகமும் அரசுக்குரியது. அவை தீர்ப்பளித்தபின் எடுத்துச் செல்க.

பெட்டகத்தின் அடியில் அவருடைய மேலாடை ஒன்று மடித்து வைக்கப்பட்டிருக்கும். துவைத்துத் துவைத்து அதில் எந்த மணமும் இல்லை. அது மதுவைச் சுமந்ததும் இல்லை. அதை மட்டும் என்னிடம் விட்டுச் செல்க.

தாழம்பூ முத்திரை நம் கையாலேயே பொறித்தோம். இவ்வாணை நமக்கும் சேர்த்தே நடைபெறுக.