தம்பி பெயரெழுதிய தாள்

அக்டோபர் 19, 2023. வாண்டோ தீவு

மழை. படப்பிடிப்பு இல்லை. குழுவில் மொத்தமே எட்டுப் பேர். எட்டுப் பேரும் நூடுல்ஸ் தின்றுகொண்டு என்னையே பார்க்கிறார்கள். என் முதல் படத்தைப் பார்த்தவர்கள் இதைவிடக் கொஞ்சம் அதிகம். இரண்டாவது கதை எழுத ஆறு வருஷம். தம்பி சோங்மோ மீன்பிடிப் படகில் போய்த் திரும்பாததும் ஆறு வருஷம். கதையே அதுதான். வேறென்ன எழுதுவேன்?

அம்மா போனில், "அவனுக்குப் படையல் போடுற சீன் எதுவும் வைக்கலையே?" என்றாள். உடல் கிடைக்காத மகனுக்கு அவள் இதுவரை சோறு வைத்ததில்லை. வந்துவிடுவான் என்கிறாள்.

"இல்லம்மா" என்றேன். சுத்தப் பொய்.

அக்டோபர் 21

மழை.

அக்டோபர் 23

வெயில். ஜன்னல்களில் கறுப்புத் துணி கட்டிப் படையல் காட்சியைப் பகலிலேயே எடுத்தோம். மேசையில் இறந்தவர் பெயரெழுதிய தாளை நிறுத்த வேண்டும். கதையில் வரும் பெயரை எழுதத்தான் தூரிகையை எடுத்தேன். எழுதி முடித்துப் பார்த்தால் சோங்மோ. கேமராவில் தெரியாது, இருக்கட்டும் என்றேன். எவ்வளவு சுலபமாகச் சொன்னேன்!

சோற்றில் கரண்டியைச் செருகிவிட்டு எல்லாரும் வெளியே வந்து கதவைச் சாத்தினோம். இறந்தவர் சாப்பிடும் நேரம் அது. உள்ளே மைக் மட்டும். நடிகர் வழக்கப்படி, உள்ளே வருவதை அறிவிக்க மூன்று முறை இருமிவிட்டுக் கதவைத் திறக்க வேண்டும். அதற்குள் ஒலிப்பதிவாளன் பியோங்ஹோ கையைத் தூக்கினான்.

"டைரக்டர், உள்ள யாரு?"

"யாருமில்லையே."

"அப்ப சாப்பிடுறது யாரு?"

ஹெட்போனை வாங்கி மாட்டினேன். பித்தளைக் கிண்ணத்தில் கரண்டி உரசுகிறது. நிதானமாக, அடிவரைக்கும் வழித்து.

கதவைத் திறந்தோம். சோறு வைத்தது வைத்தபடி இருந்தது. எலியாக இருக்கும் என்றார் நடிகர். எலி கரண்டி பிடிக்குமா?

தாளை எரித்தேன். படையல் முடிந்தால் எரிக்கத்தானே வேண்டும். பியோங்ஹோ போனில் நாள்காட்டியைப் பார்த்தபடி வந்தான். "இன்னிக்குச் சந்திரக் கணக்குல ஒன்பதாம் மாசம் ஒன்பதாம் நாள். தெரிஞ்சுதான் வச்சீங்களா?"

செத்த தேதி தெரியாதவர்களுக்குப் படைக்கிற நாள். எனக்குத் தெரியாது. சத்தியமாகத் தெரியாது. மழைதானே படப்பிடிப்பை இந்த நாளுக்குத் தள்ளிக்கொண்டு வந்தது?

அக்டோபர் 24

நான் அவனைச் சாகடிச்சுட்டேனா?

நவம்பர் 12. சியோல்

படத்தொகுப்பு. அந்தக் கரண்டிச் சத்தத்தை நீக்கிப் பார்த்தேன், காட்சியில் உயிரில்லை. திரும்பச் சேர்த்தேன். இத்தனை வருஷத்தில் நான் எடுத்ததிலேயே நல்ல ஷாட் அதுதான். அது எனக்கு வேண்டும். வெட்கமாக இருக்கிறது. ஆனால் அம்மாவிடம் சொல்லாமல் எப்படி வெளியே விடுவது?

நவம்பர் 18

அம்மா வந்தாள். எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். அடிப்பாள் என்று நினைத்தேன். ஹெட்போனைக் கேட்டாள். நான்கு முறை போடச் சொன்னாள்.

"என்ன சூப் வச்சே?"

"முள்ளங்கி."

"அவனுக்கு முள்ளங்கி பிடிக்காதுன்னு தெரியாதா உனக்கு?" பிறகு, மெதுவாக, "அதையும் சாப்பிட்டிருக்கான் பாரு. அவ்வளவு பசி."

நவம்பர் 20

காலையில் போன். காணாமல் போனவனை இறந்தவனாக அறிவிக்க என்னென்ன காகிதம் வேண்டும் என்று குடும்ப நீதிமன்றத்தில் அம்மாவே விசாரித்துவிட்டாள். "வெள்ளிக்கிழமை நீயும் வா. அந்தச் சத்தத்தைப் படத்துலேருந்து எடுத்துடாதே" என்றாள். பிறகு, "ஆறு வருஷம் புள்ளையப் பட்டினி போட்டுட்டேன்டி."

வெள்ளிக்கிழமை வேலைக்கு வரமாட்டேன் என்று பியோங்ஹோவிடம் சொல்லிவிட்டேன்.