உப்புப் படாத சாலட்

மார்ச் 15, செவ்வாய்

மார்ச்சிலேயே வெயில் மண்டையைப் பிளக்கிறது. குழாயில் சொட்டுத் தண்ணீர் இல்லை. எட்டாம் வகுப்புக்குச் சமையல் பாடம் நடத்தித் தொண்டை வற்றியது.

ரகுவின் அப்பாவுக்கு, என் மாமனாருக்கு, வயிற்றில் கட்டி. வீட்டுக்குக் கூட்டிப் போங்கள் என்று ஆஸ்பத்திரியில் சொல்லிவிட்டார்கள். கஞ்சிகூட இறங்கவில்லை. ஏதாவது செய்து தரட்டுமா என்று கேட்டு விட்டிருந்தேன். கலியாணம் ஆனதிலிருந்து அந்த வீட்டில் எனக்கு வாசல்வரைதான். கிறிஸ்தவச்சி, டீச்சரானால் என்ன.

மாமியார் பதில், ரகு வாயால்: "அவ சமைச்சது வேண்டாம்டா. பழம்னா தோஷமில்ல. அடுப்புல வச்சது ஆகாது, உப்புப் போட்டதும் ஆகாது."

சிரிப்பு வந்தது. அப்புறம் ஆத்திரம். ராத்திரி பாத்திரம் தேய்க்கும்போது சட்டென்று தோன்றியது: சாலட்! வருஷா வருஷம் கரும்பலகையில் எழுதிப் போடுவதுதானே. அந்த மனிதர் சாகுமுன் என் கையால் ஒரு வாய் சாப்பிட வேண்டும். வேறொன்றும் கேட்கவில்லை நான்.

மார்ச் 16, புதன்

ஹெ.எம்.மிடம் அரை நாள் லீவு. முகத்தைச் சுளித்துக்கொண்டே கொடுத்தார்.

வாங்கியது: பப்பாளி, திராட்சை, மாதுளை, ஆப்பிள் ஒன்று, எலுமிச்சை, தேன். கீழக்குயில்குடியிலிருந்து வரும் கூடைக்காரியிடம் மண்ணோடு பச்சைக் கடலை. டவுன்ஹால் ரோட்டில் சீஸ் டின் (உடம்பில் சத்து ஏற வேண்டும் என்கிறாராம் டாக்டர். பால்தானே).

பழக்காரி: "ஆப்பிள் யாருக்குக்கா, ஆஸ்பத்திரிக்கா?"

"மாமனாருக்கு."

"அம்புட்டுப் பாசமா!"

கடலையை வறுக்காமல் ஊறவைத்து நசுக்கினேன். சீஸ் பொடிப்பொடியாக. ஆப்பிள் கறுக்காமலிருக்க எலுமிச்சை. உப்பு டப்பாவைத் தூக்கிப் பரணில் வைத்தேன், பழக்கத்தில் கை போய்விடும்.

முதல் தடவையாகக் கூடத்துக்குள் விட்டார்கள். மாமனார் பாயில், வெறும் எலும்பு. மாமியார் ஊட்டினார். மூன்று வாய் போனது.

மாமனார்: "இது என்னம்மா வெள்ளையா? உப்புக் கரிக்கறதே."

எனக்கு உயிரே போய்விட்டது. சீஸில் உப்பு உண்டு. சமையல் டீச்சராம், மடச்சி!

மாமியார் கை பாதியில் நின்றது. "உப்புப் போட்டியா?"

"நான் போடல அத்தை." பொய்யில்லை. உண்மையுமில்லை.

மாமனார் என்னையே பார்த்தார். மென்றுகொண்டே சொன்னார்: "என் நாக்குதான் செத்துப் போச்சுடி. தண்ணி குடிச்சாக்கூட உப்பாத்தான் இருக்கு. இன்னொரு வாய் போடு."

போட்டார்.

ஆரப்பாளையம் பஸ்ஸில் அழுதுவிட்டேன். பக்கத்துக்காரி என்னவென்று கேட்டாள். வெங்காயம் உரித்தேன் என்றேன். பஸ்ஸில்!

மார்ச் 17, வியாழன்

பயந்துகொண்டு இன்று சீஸ் சேர்க்கவில்லை. மாமனார் ஒரு வாயோடு முகத்தைத் திருப்பிக்கொண்டார். "நேத்து மாதிரி இல்லையேம்மா."

நாளைக்குப் போடுவேன். பாவம் என் தலையில் விடியட்டும்.

மார்ச் 18, வெள்ளி

போட்டேன். மாமனார் ஆறு கரண்டி சாப்பிட்டார்! டப்பாவை மாமியாரே வாங்கிக் கழுவித் தந்தார். தண்ணீர் இன்றும் வரவில்லை.

மார்ச் 20, ஞாயிறு

விடியும் முன்னே நறுக்கி, சீஸும் போட்டு மூடி வைத்தேன். அப்புறம்தான் ஆள் வந்தது. மாமனார் போய்விட்டார்.

டப்பாவையும் தூக்கிக்கொண்டு போனேன், ஏனென்று தெரியாது. ரகு உள்ளே. என்னை வாசலில் ஒரு பெரியவர் மறித்தார். "இங்கயே நில்லும்மா." நின்றேன், வெயிலில், பாடை போகும்வரை. முகத்தைப் பார்க்கவில்லை.

சாவு வீடு, அடுப்பு மூட்டவில்லை. சாயங்காலம் ரகு வெளியே வந்தார். "அம்மா பச்சத்தண்ணி கூட குடிக்கல. அதக் குடு." டப்பாவைக் கொடுத்தேன்.

மார்ச் 21, திங்கள்

மாற்று வேட்டி எடுக்க ரகு வந்தார், மழித்த தலையோடு. கையில் டப்பா.

"அத்தை சாப்பிட்டாங்களா?"

"கெஞ்சினேன். சாப்பிட்டா."

அவர் போனபின் திறந்தேன். பழம் இல்லை. கடலை இல்லை. ஒரு மாதுளை முத்து இல்லை. சீஸ் மட்டும், பொடிப்பொடியாக, ஒன்று விடாமல் பொறுக்கி ஓரத்தில் ஒதுக்கியிருந்தது.

அப்படியானால் மாமியாருக்குத் தெரிந்திருக்கிறது. முதல் நாளே. தெரிந்துதான் அவருக்கு ஊட்டியிருக்கிறார். தனக்கு வேண்டாம்.

கழுவப் போட மனசில்லை. நின்றபடியே அதைப் பொறுக்கித் தின்றேன். உப்புத்தான்.