நாளைக்குப் போய் நனைந்து வந்த பூச்சை

இன்று நண்பகல், மண்டையைப் பிளக்கும் வெயிலில், நம் பப்படக் கூடத்துக்குள் பூச்சை சொட்டச் சொட்ட நனைந்து வந்தது. ஈரப் பூனை ரோமத்தின் நாற்றம் மூக்கில் ஏறியதும் உன் ஞாபகம்தான் முதலில் வந்தது, அக்கா. நீ கண்ணை மூடிய பிறகு அது நனைந்து வருவது இதுவே முதல் தடவை.

இந்தப் பூச்சையை வைத்து நாம் எத்தனை சண்டை போட்டிருப்போம்! ஊரில் மற்றவர்கள் வளர்ப்பது வெறும் பூச்சை, நம்முடையது நாளைப்பூச்சை என்பாய். சாம்பல் நிறம், வால் நுனியில் ஒரு மடக்கு, அதுதான் அந்த இனத்தின் அடையாளமாம். நாளைக்குப் போய்விட்டு வருமாம். போன வருடத்துக்கும் போகுமாம். தெருநாய்கள் குறைவாக இருந்த ஏதோ ஒரு வருடத்தில் குட்டிகளை விட்டிருப்பதால்தான் யாரும் குட்டியைக் கண்டதில்லையாம். ஒருநாள் மீசையில் பாயசத்தோடு வந்து நின்றது. சுற்றுவட்டத்தில் எந்த வீட்டிலும் விசேஷம் இல்லை. மறுநாள்தான் பாஸ்டர் வீட்டில் நிச்சயதார்த்தம். அன்று நீ என்னைப் பார்த்த பார்வைக்கு ஒரு வாரம் உன்னோடு பேசாமல் இருந்திருக்க வேண்டும்.

நான் போனை நீட்டி வானிலையைக் காட்டினால், "உனக்க போனு இங்க இருந்துல்லா சொல்லுது. இது அங்க போய் நனைஞ்சிட்டு வருதாக்கும்" என்பாய்.

உளுந்து மாவு குழைக்கும் முன் நீ அதன் வயிற்றைத் தொட்டுப் பார்ப்பாய். காய்ந்திருந்தால் குழைக்கலாம். நனைந்திருந்தால் நாளை வெயில் இல்லை, மாவைத் தொடக்கூடாது. கூடத்துப் பெண்கள் எல்லோரும் உன் கையையே பார்த்துக்கொண்டு நிற்பார்கள். எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

பாலராமபுரத்துக் கல்யாண வீட்டுக்கு நாம் பப்படம் ஏற்றது நினைவிருக்கிறதா? நீ தொட்டுப் பார்த்து, "காஞ்சுதான் இருக்கு, குழைக்கலாம்" என்றாய். மறுநாள் பிடித்த மழை இரண்டு நாள் விடவில்லை. வட்டமாகப் பரத்தி வைத்த பப்படம் அத்தனையும் பூசணம் பூத்தது. அவர்கள் கடையில் வாங்கிப் பரிமாறினார்கள். "பூச்சை தப்பாது மக்கா, எனக்க கைதான் தப்பிப்போச்சு" என்று எல்லோர் முன்னாலும் சொன்னாய். அதோடு வயிற்றைத் தொடுவதையே விட்டுவிட்டாய். "இனி நீ பாரு" என்று அந்த வேலையை என்னிடம் தந்தாய்.

நாளை மறுநாள் பாறசாலை மண்டபத்தில் உன் மகளுக்குக் கல்யாணம். ஆஸ்பத்திரியில் என் கையைப் பிடித்துக்கொண்டு, "எனக்க மோளுக்க இலையில நம்ம பப்படம்தான் விழணும்" என்றாய். நான் வாக்குக் கொடுத்தேன். இன்று குழைத்து நாளை காயவைப்பதாக ஏற்பாடு. போனில் நாளைக்குச் சுள்ளென்ற வெயில். பூச்சையோ நனைந்து வந்து நிற்கிறது.

உதவிக்கு வந்திருந்த உன் மகள், "பாவம், யாரோ கஞ்சித் தண்ணி ஊத்தியிருக்கு" என்று துவர்த்துத் துண்டை எடுத்து அதைத் துடைக்கக் குனிந்தாள்.

"துடைக்காதே!" என்று நான் போட்ட சத்தத்தில் எல்லோர் கையும் நின்றுவிட்டது.

இனியும் மறைக்கக் கூடாது என்று தோன்றியது. எல்லோரிடமும் சொல்லிவிட்டேன். அந்தப் பாலராமபுரத்துக் கல்யாணத்துக்கு மாவு குழைக்கும் முன், மாவில் சேர்க்கும் பப்படக்காரம் வாங்க நீ பாறசாலைக்குப் போயிருந்த நேரத்தில் பூச்சை நனைந்துதான் வந்தது. உன்னை ஒரு தடவையாவது ஜெயிக்க வேண்டும் என்ற வீம்பில், அதைப் பிடித்துத் துவர்த்தால் ரோமம் காயும்வரை துடைத்தவள் நான். நீ பழியை ஏற்றபோது பக்கத்தில் வாயைத் திறக்காமல் நின்றவளும் நான்தான். அந்த வெட்கம் இத்தனை காலமும் எனக்குள் கிடந்தது.

உன் மகள் சிரித்துவிட்டாள். "அது அம்மைக்குத் தெரியும் சித்தி. மழையில கொடியில கிடந்த உங்க துவர்த்தை எடுத்தப்போ அது முழுக்கப் பூச்சை ரோமமாம். எங்கிட்ட சொல்லிச் சொல்லிச் சிரிச்சா. உங்ககிட்ட கேக்கப்பிடாதுண்ணும் சொன்னா."

கொஞ்ச நேரம் உட்கார்ந்து அழுதேன். அப்புறம் எழுந்து முகத்தைக் கழுவிவிட்டு அத்தனை பேரையும் விரட்டினேன். மாவைக் குழைத்து, இடித்து, உடனே பரத்தி, மிச்சமிருந்த வெயிலிலேயே காயவைத்தோம். இப்போது பப்படம் எல்லாம் தகர டின்னில் பத்திரமாக இருக்கிறது. நாளை வெயில் கொளுத்தினால் இந்தப் பெண்கள் என்னைக் கேலி செய்வார்கள். செய்யட்டும், எனக்கு ஒன்றும் இல்லை.

நான் செய்த கள்ளத்தனம் தெரிந்தேதான் அந்த வேலையை என் கையில் தந்திருக்கிறாய். அந்தக் கையால்தான் உன் மகளின் இலையில் பப்படம் வைக்கப் போகிறேன்.