முற்றுப்புள்ளி இல்லாத முகவரி

ஜூலை 9, புதன்

காலையிலிருந்து காற்று. மலைப்பக்கம் சாரல், கம்பம் ஊருக்குள் வெறும் புழுதி. ஜன்னல்களை அடைத்தாயிற்று. வாசல் கதவுக்கும் தாழ்ப்பாள்தான், ஆவணி பிறக்கும்வரை.

பாண்டியம்மா வேலைக்கு வர ஒன்பதரை. "காத்து ஆளத் தள்ளுதும்மா, நான் எங்கிட்டு நடக்க." அவள் உடம்புக்கு இது பொருந்தாத காரணம்.

பதினொரு மணிக்கு அப்பாஸ். செந்திலோடு ஒன்றாம் வகுப்பிலிருந்து படித்தவன். இப்போது கம்ப்யூட்டர் பழுதுபார்க்கும் கடை வைத்திருக்கிறான். அவர் இருந்தபோது ஏலக்காய் ஏலம் பார்க்க வைத்திருந்த கம்ப்யூட்டரை எடுத்துப்போகச் சொல்லி வரவழைத்தேன். திறந்து பார்த்துவிட்டு, "இது நல்லா ஓடும்மா. நானும் செந்திலும் வெளாடுறதே இதவிடப் பழசுலதான்" என்றான். சொன்னபிறகுதான் என் முகத்தைப் பார்த்தான்.

என் மகனின் குரலைத் தினமும் கேட்கிறவன் நான்கு தெரு தள்ளி இருக்கிறான். நான் கேட்டு இரண்டு வருடம்.

மெதுவாகக் கேட்டேன். மெதுவாகச் சொன்னான். துப்பாக்கியால் சுடும் விளையாட்டு. கோயம்புத்தூரிலிருந்து செந்தில், குமுளியிலிருந்து ஜோஸ் என்று ஒருவன், அப்பாஸ், இன்னும் நான்கைந்து பேர். தினமும் மாலை ஐந்து மணி. அவர்களுக்கென்று தனி சர்வர், ஜோஸ் நடத்துவது.

"நான் அங்க எப்படிப் போறது?"

"நீங்களா? பட்டியல்ல தேடுனா வராதும்மா. முகவரி தெரிஞ்சவக நேரா அடிச்சு உள்ள போகலாம்."

"எழுதிக் குடு."

"தெரிஞ்சா செந்தில் என்னயக் கொன்னுருவான்."

"அதத்தான தினமும் செய்யிறான்."

சிரித்துவிட்டான். எழுதிக் கொடுத்தான். நான்கு எண்கள், நடுவே மூன்று புள்ளிகள், பிறகு முக்காற்புள்ளி, பிறகு ஐந்து இலக்கம். காகிதம் கண்ணாடிக்கூட்டில்.

குரலைக் கேட்டால் போதும். பேச வேண்டியதில்லை.

ஜூலை 11, வெள்ளி

பிரஷர் மாத்திரை தீர்ந்தது. வாங்க வேண்டும்.

அப்பாஸ் எல்லாம் ஏற்றிக் கொடுத்துவிட்டுப் போனான். காதில் மாட்டுவது புதிது. விளையாட்டில் ஒரு பெயர் வேண்டுமாம். மேஜை இழுப்பறையைத் திறந்தால் இன்னும் அந்த வாசனை, அதனால் ஏலக்காய் என்று வைத்தேன்.

அவன் சொன்ன முறை:
விளையாட்டைத் திறப்பது.
எஸ்கேப்புக்குக் கீழே உள்ள விசை. கறுப்புப் பெட்டி வரும்.
கனெக்ட், ஓர் இடைவெளி, முகவரி.
என்டர்.

ஐந்து மணிக்குச் செய்தேன். இணைக்க முடியவில்லை என்று வந்தது. மறுபடி. எண்களை விரல் வைத்துச் சரிபார்த்தேன். ஒரு பிழையும் இல்லை. நான்காம் முறைக்குப் பிறகு அப்பாஸுக்குப் போன்.

"அடிச்சத அப்படியே வாசிங்கம்மா."

வாசித்தேன்.

"கடைசியில என்னமோ சொன்னீகளே?"

"முற்றுப்புள்ளி."

"அத ஏம்மா வச்சீக?"

"முடிஞ்சா வைக்கணும்ல."

"அது வாக்கியம் இல்லம்மா. முகவரி."

மதர் அக்னஸ் வகுப்பில் ஒருமுறை புள்ளியை மறந்ததற்கு ஐம்பது முறை எழுதினேன். அறுபது வருடமாக மறக்கவில்லை. இன்று அதுவே கதவை அடைத்தது. சரிசெய்தபோது மின்சாரம் போய்விட்டது.

ஜூலை 12, சனி

கேட்டேன்.

மணல் நிறத்தில் ஒரு தெரு, மரப்பெட்டிகள், ஒரு வளைவு. நான் எங்கே நிற்கிறேன் என்று புரிவதற்குள் ஒருவன் சுட்டுவிட்டான். திரை சாம்பலானது. காதில், "ஸாரி ஏலக்கா, புதுசா? பெட்டிக்குப் பின்னாடி நில்லுங்க, ஒண்ணும் பண்ண மாட்டேன்."

என் மகன்.

குரல் கொஞ்சம் கனத்திருக்கிறது. சிரிப்பு அதே சிரிப்பு, மூக்கால் தொடங்குவது. நான் சுவரில் முட்டிக்கொண்டு நின்றபோது, "மவுஸத் திருப்புங்க, மெதுவா, அவசரமே இல்ல" என்று மூன்று தடவை சொன்னான். மூன்றாவது தடவையும் முதல் தடவை மாதிரியே. இந்தப் பொறுமை யாரிடம் கற்றது? என்னிடம் இல்லை.

நாற்பது நிமிடம். பிறகு என்னை வெளியே தள்ளியது. அப்பாஸைக் கேட்டேன். நான்கு நிமிடம் அசையாமல் நின்றால் சர்வர் தானாகத் தள்ளிவிடுமாம். எழுதுவது கணக்கில் வராது, நடக்க வேண்டும்.

அவர் போன அன்றைக்கு அவன் இருந்தது இந்த மணல்நிறத் தெருவில்தான். அவருக்கு நெஞ்சு அடைத்தது ஐந்தே காலுக்கு. ஆம்புலன்ஸ் வரும்வரை "செந்திலக் கூப்பிடு" என்று மட்டும் சொன்னார். பதினேழு முறை அழைத்தேன். கடைசியில் போனை அவர் காதருகே வைத்துக்கொண்டேன். அவர் கேட்டது மணிச்சத்தம்தான். இவன் காதில் இதை மாட்டிக்கொண்டு சிரித்திருக்கிறான்.

இன்று நானும் அதையே மாட்டிக்கொண்டேன். வாசலில் பால்காரர் எவ்வளவு நேரம் தட்டினாரோ. பால் இல்லை.

ஜூலை 15, செவ்வாய்

மாத்திரை வாங்கியாயிற்று. தென்னை ஓலை ஒன்று காம்பவுண்டில் விழுந்தது.

மூன்று நாளாகத் தவறாமல் போகிறேன். தெரிந்துகொண்டவை:
இருமல் இருக்கிறது. வறட்டு இருமல்.
ஐந்தரைக்குக் குக்கர் விசில். அவனே எழுந்து போகிறான். அப்படியானால் வீட்டில் வேறு யாரும் இல்லை.
அப்பாஸை மாப்ள என்கிறான், ஜோஸை ஏலே என்கிறான், ஜோஸ் திருப்பி அவனை எடா என்கிறான்.
என்னை ஆண் என்று நினைத்திருந்தார்கள். ஜோஸ்தான் கேட்டான்: "இது ஏலக்காயா, ஏல அக்காவா?" எல்லோரும் சிரித்தார்கள். பெண் என்று எழுதினேன். அதிலிருந்து யாரும் என்னைச் சுடுவதில்லை. இது எனக்குப் பிடிக்கவில்லை.

திரையின் ஓரத்தில் எழுதியும் பேசிக்கொள்கிறார்கள். தமிழை ஆங்கில எழுத்தில். பார்க்கச் சகிக்கவில்லை. ஆனால் இன்று ஒன்று உறைத்தது. அதில் ண-வும் ன-வும் ஒன்றுதான். ர-வும் ற-வும் ஒன்றுதான். அங்கே அவனால் பிழை செய்யவே முடியாது.

எழுதிவிடுகிறேன், இங்கே யாரும் பார்க்கப்போவதில்லை. கருமாதி முடிந்து போனவன் ஒரு மாதம் கழித்து நீண்ட செய்தி அனுப்பினான், தமிழில், கஷ்டப்பட்டு அடித்து. அப்பா கூப்பிட்டபோது எடுக்காமல் போனது பற்றி. தூங்க முடியவில்லை என்று. கடைசி வரி: மண்ணித்துவிடு அம்மா.

நான் அனுப்பிய பதில்: மண்ணிப்பு அல்ல. மன்னிப்பு.

வேறொன்றும் எழுதவில்லை. அதன்பிறகு அவன் அழைக்கவில்லை. அவன் எண் என்னிடம் இருக்கிறது. நானும் அழைக்கவில்லை. பதினேழு போதும் என்று இருந்துவிட்டேன்.

ஜூலை 19, சனி

ஆடி முதல் சனி. பாண்டியம்மா குச்சனூர் கோயிலுக்குப் போய்விட்டாள். பாத்திரம் நானே கழுவினேன். காபி சுமார்.

ஐந்து மணி. "ஏலக்கா, உங்களுக்கு மைக் இல்லையா?" என்று ஜோஸ். இல்லை என்று எழுதினேன். நன்றாக விளையாடினீர்கள் என்றும் எழுதினேன்.

ஜோஸ்: "ஏலக்கா எழுதுறது கவர்மெண்ட் ஆர்டர் போல உண்டு. ஒவ்வொண்ணுக்கும் கடைசில ஒரு புள்ளி."

செந்தில் சிரிக்கவில்லை. "எங்க வீட்டுலயும் ஒரு ஆளு உண்டுடா. பால்காரருக்குச் சீட்டு எழுதுனாலும் புள்ளி வப்பாக."

வப்பாக. மரியாதையாகத்தான் சொன்னான்.

பெட்டிக்குப் பின்னால் போய் நின்றுகொண்டேன்.

ஜூலை 22, செவ்வாய்

காற்று அதிகம். கறிவேப்பிலைக் கன்று சாய்ந்துவிட்டது. குச்சி கட்ட வேண்டும்.

இன்று நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

ஆட்டம் முடிந்து அடுத்தது தொடங்குவதற்குள் செந்தில் சொன்னான்: "வியாழக்கெழம நான் இல்லடா. அப்பாவுக்கு அமாவாச. சுருளிக்கு வரணும்."

ஜோஸ்: "அப்போ அம்மையப் போய்க் காணுவியா?"

"இல்ல. போன வருசம் மாதிரி அப்படியே திரும்பிருவேன்."

போன வருடமும் வந்திருக்கிறான். சுருளி அருவியில் அப்பாவுக்குத் திதி கொடுத்துவிட்டு, இந்த ஊர்ப் பேருந்து நிலையத்தில் இறங்கி, மறுபேருந்து ஏறிப் போயிருக்கிறான்.

அப்பாஸ் ஏதோ சொல்ல வாயெடுத்தான். செந்தில், "விடு மாப்ள. நான் போனா அவகளுக்குப் புடிக்காது" என்றான்.

நான் எழுதிவிட்டேன், அவர்களைப் போல ஆங்கில எழுத்தில்: வீட்டுக்குப் போய்விட்டு வாருங்கள். பழக்கத்தில் புள்ளியும் வைத்துவிட்டேன்.

பேச்சை விட்டுவிட்டுச் செந்திலும் எழுதினான்: அம்மாவா

கேள்விக்குறி இல்லை. ஆமாம் என்பது எத்தனை சிறிய சொல். ஒட்டுக்கேட்டவள் என்று நினைப்பானே. இந்த வயதில் துப்பாக்கியைத் தூக்கிக்கொண்டு மகனைத் தேடி வந்தவள் என்று அந்த ஜோஸ் நினைப்பானே.

எழுதினேன்: இல்லை.

கொஞ்ச நேரம் கழித்து அவன்: சரி.

இத்தனை நாளில் அவன் வைத்த முதல் புள்ளி. பிறகு ஆடுபவர் பட்டியலில் அவன் பெயர் இல்லை.

ஜூலை 24, வியாழன், ஆடி அமாவாசை

நான்கு மணிக்கே எழுந்தேன். வாழைக்காய், பூசணி, அகத்திக்கீரை, வடை, பாயசம். அவர் படத்துக்கு முன் ஓர் இலை. இன்னோர் இலை கழுவித் துடைத்துத் தனியே வைத்தேன். எதற்கென்று பாண்டியம்மா கேட்கவில்லை. அவள் மத்தியானம் சுருளிக்குப் போனாள்.

பதினொன்றுக்கு வாசல் கதவைத் திறந்து வைத்தேன். பத்து நிமிடத்தில் கூடம் முழுக்கப் புழுதி, படையல் இலைமேலும். சோற்றில் மண் விழுந்தால் என்ன செய்வது. தாழ்ப்பாள் போட்டேன்.

சுருளிக்குப் போயிருக்கலாம். அரை மணி நேரப் பேருந்து. போகவில்லை. அங்கே போய் நின்றால் இல்லை என்று எழுதியது பொய்யாகிவிடும்.

மூன்று மணிக்குச் சாப்பிட்டேன். இரண்டாவது இலை பசுவுக்கு.

இருட்டும் முன் பாண்டியம்மா வந்தாள்.

"செந்தில் தம்பியப் பாத்தேன்மா."

"எங்கன?"

"அருவிக்குப் போகைல. நம்ம தெரு முக்குல, டீக்கடைகிட்ட. மொட்ட போட்ருக்காக. மெலிஞ்சு போனாக. வீட்டுக்கு வாங்க தம்பின்னேன். கதவு சாத்தியிருக்குக்கா, தூங்குவாக, இருக்கட்டும்னாக. கொஞ்ச நேரம் வீட்டையே பாத்துக்கிட்டு நின்னாக."

"நீ வந்து தட்டியிருக்கலாம்ல?"

"பஸ்ஸு வந்துருச்சும்மா. நீங்க தெறந்து வச்சிருக்கலாம்ல?"

அவள் பாத்திரத்தைச் சத்தமாகக் கழுவிவிட்டுப் போனாள்.

ஜூலை 25, வெள்ளி

காற்று இல்லை. இந்த மாதத்தில் முதல் நாள். வாசல் கதவு காலையிலிருந்து திறந்தே.

என்ன எழுதுவது என்று பகல் முழுக்கக் காகிதத்தில் பார்த்தேன். ஆறு வாக்கியம். ஐந்தை அடித்தாயிற்று. மிச்சம்: அம்மாதான், மன்னித்துவிடு.

ஐந்து மணி. உள்ளே போனேன். பட்டியலில் ஜோஸ், அப்பாஸ், செந்தில். யாரும் சுடவில்லை. தெருவின் அந்தக் கோடியிலிருந்து செந்திலின் ஆள் நடந்து வந்து எனக்கு முன்னால் நின்றான். துப்பாக்கியைத் தரையைப் பார்த்துத் தாழ்த்தியிருந்தான். இருமல் கேட்டது.

அடித்தேன். அனுப்பும் முன் ஒருமுறை படித்தேன். ஆங்கில எழுத்தில் த்து என்பதற்கு ஒரு டி-யா, இரண்டா? எச் எங்கே வரும்? இதற்கு விதியே கிடையாது என்று எனக்குத் தெரியும். அழித்தேன். இரண்டு டி போட்டேன். கொச்சையாக இருந்தது. மறுபடி அழித்தேன். அவன் அங்கேயே நின்றான்.

திரை மாறியது. நீண்ட நேரம் அசையாததால் வெளியேற்றப்பட்டீர்கள்.

கறுப்புப் பெட்டி, முகவரி, என்டர். இணைக்க முடியவில்லை. மறுபடி. இணைக்க முடியவில்லை. மூன்றாம் முறைதான் பார்த்தேன், கடைசியில் நான் வைத்த புள்ளி. எடுத்துவிட்டு உள்ளே போனால் செந்தில் இல்லை.

ஜோஸ்தான் பேசினான். "அம்மே, அவன் இப்பத்தான் போயி. நீங்க போன பின்னும் அந்த எடத்துலயே நின்னான். ரொம்ப நேரம்."

அப்பாஸ்: "நீங்களா வெளிய போயிட்டீகன்னு நெனச்சுட்டான்மா. நான் கூப்பிட்டுச் சொல்லவா?"

வேண்டாம் என்று எழுதினேன்.

காதில் மாட்டியதைக் கழற்றி வைத்தேன். வீடு இவ்வளவு அமைதியாக இருந்ததில்லை. பாண்டியம்மா போய்விட்டாள். கதவு திறந்திருக்கிறது.

மணி ஆறே கால். அவன் எண்ணை அழுத்திவிட்டேன். போன் மேஜைமேல், சத்தம் வெளியே கேட்கும்படி. எழுதாவிட்டால் கை போய் அணைத்துவிடும், அதனால் எழுதிக்கொண்டிருக்கிறேன். இது பதினெட்டாவது. மணி அடித்துக்கொண்டிருக்கிறது