தட்டினால்தான் நிறுத்துவான்

கேளம்பாக்கம்
14.9.2003

அம்முலு, என் கண்ணே ஷாரோன், அம்மா எழுதுகிறேன். ஆண்டவர் தயவால் நானும் உன் நைனாவும் கை கால் சுகத்தோடு இருக்கிறோம். மனசு சுகமா என்று மட்டும் கேட்காதே. நீ மஸ்கட்டில் வேளைக்குச் சாப்பிட்டு, டியூட்டி முடிந்தால் நன்றாகத் தூங்கி, நல்லபடியாக இருக்கிறாய் என்று நம்பிக்கொண்டு இதை எழுதுகிறேன். எழுத்து கோணலாக இருக்கும், பொறுத்துக்கொள். இதுவரை உனக்கு வந்த கடிதமெல்லாம் நான் சொல்லச் சொல்ல உன் தம்பி சாம் எழுதியது. நான் ஒன்று சொன்னால் அவன் நாலு சேர்த்து எழுதுவான், உனக்கே தெரியும். இப்போது அஞ்சாம் வகுப்புப் படிப்பை வைத்துக்கொண்டு நானே எழுதுகிறேன். வெள்ளிக்கிழமை நீ கடைக்குப் போன் பண்ணும்போது சுற்றி ஆட்கள் நிற்கிறார்கள், சாப்பிட்டாயா தூங்கினாயா என்பதற்கு மேல் வாய் வரமாட்டேன் என்கிறது. அதனால் இன்றைக்கு ஆராதனை முடிந்து வந்ததும் உட்கார்ந்துவிட்டேன். உட்கார்ந்தேன் என்று பேர்தான், இவ்வளவு எழுதுவதற்குள் வாசலுக்குப் போய்ப் போய் வந்தாயிற்று.

நீ கேட்ட கேசட்டை செங்கம்மாள் மருமகனிடம் கொடுத்தனுப்புகிறேன். அவர் இந்த மாசக் கடைசியில் அங்கே கிளம்புகிறார், கூடவே நார்த்தங்காய் ஊறுகாயும் வரும். உன் ஹாஸ்டலில் கூட இருக்கிற பெண்களுக்குத் தம்பியின் பாட்டைக் கேட்க வைக்க வேண்டும் என்று எழுதியிருந்தாய். பாட்டு அவனுடையது இல்லை அம்முலு, அதில் வருகிற விசில்தான் அவனுடையது. இரண்டாம் பக்கத்தில் முதல் பாட்டு. அட்டையில் தூரத்து ஜன்னல் என்று படத்தின் பேர் போட்டு, அதில் நடிக்கிற பையனும் பொண்ணும் கன்னத்தோடு கன்னம் வைத்துக்கொண்டிருப்பார்கள். உள் மடிப்பில் பொடி எழுத்தில் வயலின் யார், தபேலா யார் என்று எல்லார் பேரும் இருக்கிறது, நம் பிள்ளை பேர் இல்லை. உன் நைனா பேனாவால் விசில் மோ. சாம் என்று எழுதி வைத்திருக்கிறார். அதன்மேல் ஈரக்கை படாமல் பார்த்துக்கொள்.

இது எப்படி நடந்தது என்று சாம் உனக்கு என்ன கதை எழுதினானோ, நடந்ததை நான் சொல்கிறேன். மகாபலிபுரம் போகிற வழியில் அவன் வேலை பார்த்த ரிசார்ட்டில் அந்தப் படத்துக்கு மியூசிக் போடுகிறவர் காட்டேஜ் எடுத்துத் தங்கிப் பாட்டுக் கட்டிக்கொண்டிருந்தார். இவன்தான் அவர்களுக்கு பிளாஸ்கில் டீ கொண்டுபோவான். வராந்தாவில் போகும்போது சும்மா போகிற ஆளா இவன். வேறு எந்த விசில், நீ கேட்டு வளர்ந்த விசில்தான். மதகுக்கிட்டே பஸ்ஸை விட்டு இறங்கினதும் அடிக்க ஆரம்பித்து, நான் தோசைக்கல்லைக் கரண்டியால் டங் டங்கென்று ரெண்டு தட்டு தட்டினால்தான் நிறுத்துவானே, அதுவேதான். பக்கத்து வீட்டு எல்லம்மாள்கூடக் கத்துவாளே, டேய் சாமு விளக்கு வெச்ச நேரத்துல இன்னாடா விசிலு, பூச்சி கீச்சி வந்துட போவுது என்று. வந்தா ஒனக்குத்தான் தொணையா இருக்கும் ஆயா, தனியாத்தான கீற என்பான். அந்த விசிலைக் கேட்டுவிட்டு அவர்கள் உள்ளே கூப்பிட்டு இன்னொரு தரம் அடி என்று சொல்லி சின்ன டேப்பில் பிடித்துக்கொண்டார்கள். பிறகு கோடம்பாக்கத்தில் அதற்கென்றே இருக்கிற விசில்காரர் அடித்துப் பார்த்தாராம், எல்லாம் சரியாக வந்தும் அது இல்லை என்று சொல்லிவிட்டு இவனையே கூப்பிட்டார்கள். கண்ணாடி அறையில் நிற்க வைத்து, காதில் பெரிசாக ஒன்றை மாட்டிவிட்டு, அடி என்றால் இவனுக்குச் சிரிப்பு வந்துவிட்டதாம். சிரிப்பு வந்தால் உதடு குவியாது அம்முலு, வெறும் காற்றுதான் வரும். வெந்நீர் கொடுத்து, அதட்டி, அப்புறம்தான் அடித்தான். கேசட்டில் மூன்றாவது தரம் விசில் வரும்போது ஒரு இடத்தில் கொஞ்சம் உடையும், கவனித்துக் கேள். அது அவன் சிரிப்பை அடக்கின இடம்.

அவன் அந்தக் கேசட்டைக் கேட்கவில்லை. பிப்ரவரியில் ரிசார்ட் போகிற வழி வளைவில் லாரிக்காரன் அவன் போன பைக்கை இடித்தான், கேசட் வந்தது சித்திரையில். நீ வர முடியாமல் போனதை நினைத்து இன்னும் அழுகிறாய் என்று செங்கம்மாள் மகள் சொன்னாள். அழாதே. லீவு கிடைக்காததற்கு நீ என்ன செய்வாய், இங்கே யாரும் உன்னை ஒரு வார்த்தை சொல்லவில்லை. அந்தப் பாட்டை உன் நைனாதான் முதலில் கேட்டார். டீக்கடையில் கிளாசை வாயில் வைத்திருக்கும்போது விசில் வந்ததாம். கிளாசோடு எழுந்து மதகு வரைக்கும் போய்விட்டார். டீக்கடைக்காரன் பின்னாலேயே ஓடிவந்து, இன்னா மோசஸண்ணே, கிளாச எங்க எடுத்துகினு போற என்று கேட்டிருக்கிறான். அப்புறம்தான் இவருக்கு நினைவு வந்திருக்கிறது. அன்றைக்கே கேசட்டை வாங்கிக்கொண்டு வந்தார். அவருக்கு அது மருந்து. காலையில் போடுவார், வேலை விட்டு வந்து போடுவார், எம் புள்ள எங்க போயிட்டான், தோ கீறான் பாரு என்பார். எனக்கு அப்படி இல்லை. என்னால் ஒரு இடத்தில் இருக்க முடியவில்லை. அது டேப் என்று தெரிகிறது, ஆனால் கால் எழுந்துவிடுகிறது.

டேப் ஒன்றுதான் என்றால் அணைத்துவிடலாம். பாட்டு ஊரெல்லாம் பரவி, பஸ்ஸில், கல்யாண மண்டபத்தில், மஞ்சள் நீராட்டு ஸ்பீக்கரில், எங்கே பார்த்தாலும் அதுவே. அதைவிட, வாயுள்ளவன் எல்லாம் அந்த விசிலை அடிக்கிறான். சிலிண்டர் போடுகிறவன் அடிக்கிறான், பெயின்ட் அடிக்கிறவன் சாரத்தில் நின்று அடிக்கிறான். ஒவ்வொரு தரமும் நான் கையில் இருப்பதைப் போட்டுவிட்டு எழுந்து நிற்கிறேன். நாவலூரில் காசியம்மாள் மெஸ்ஸில்தான் இப்போதும் வேலை. அங்கே ஆபீஸ் பசங்கள் சாப்பிட்டுவிட்டுக் கை கழுவும்போது ஒருத்தன் அடித்தான், நான் பாட்டுக்குக் கல்லைத் தட்டிவிட்டேன். காசியம்மாள் வந்து, இன்னா சந்திரா, மாவே ஊத்தல, காலிக் கல்ல யாருக்குத் தட்டற என்று கேட்டாள். நான் சூடு பார்த்தேன் என்றேன். அவளுக்குத் தெரியும், நல்லவள், திரும்பிக்கொண்டாள். இன்னொரு நாள் சாம்பாரை அடிப்பிடிக்க விட்டேன், அதற்கும் ஒன்றும் சொல்லவில்லை.

அப்புறம்தான் நான் ஒரு காரியம் செய்தேன். நம் ஜங்ஷனில் ஷேர் ஆட்டோக்காரர்கள் ஒரு சீட்டு காலி இருந்தால் அந்த விசிலை அடித்து ஆள் கூப்பிடப் பழகிக்கொண்டார்கள். திருப்போரூர் பக்கத்திலிருந்து புதிதாக வந்த செல்வராஜ் என்ற டிரைவர் அடிப்பது அச்சாக அப்படியே இருக்கும். ஒரு காலையில் அவன் வண்டியில் உட்கார்ந்திருந்தபோது தாங்காமல், தம்பி அத மட்டும் அடிக்காதப்பா என்று சொல்லிவிட்டேன். அவனுக்கு என்ன தெரியும், இன்னாம்மா நீ, ஊரே அடிக்குது, நா அடிச்சா மட்டும் ஒனக்கு பேஜாரா என்றான். பக்கத்தில் இருந்த எல்லம்மாள் விட்டுவிடுவாளா, அடப்பாவி அது யாரு விசிலுன்னு தெரியுமாடா ஒனக்கு, இதோ குந்திகினு கீதே இந்தம்மா, இது பெத்த புள்ள அடிச்சதுடா, வண்டில அடிபட்டு செத்துப் பூட்டான்டா என்று எல்லார் முன்னாலும் சொல்லிவிட்டாள். அவன் வண்டியில் ஓடிக்கொண்டிருந்த டேப்பை அணைத்தான். நாவலூரில் நான் இறங்கும்போது, எனக்குத் தெரியாதும்மா, மன்னிச்சிக்கோ என்றான். அவன் கண்ணைப் பார்க்க எனக்குத்தான் கூச்சமாக இருந்தது.

அவன் போய் ஸ்டாண்டில் சொல்லியிருக்கிறான். மறுநாளிலிருந்து ஒருத்தரும் அடிப்பதில்லை. வெறும் கையைத் தட்டிக் கூப்பிடுகிறார்கள். நிம்மதி என்று நினைத்தேன் அம்முலு. நாலு நாள் நிம்மதியாகக்கூட இருந்தது. அப்புறம் பார்த்தால் நான் தெருவில் வருகிறேன் என்றாலே டீக்கடையில் பாட்டு பாதியில் நிற்கிறது. யாராவது விசிலடித்துக்கொண்டு எதிரே வந்தால் என்னைப் பார்த்ததும் வாயை மூடிக்கொண்டு ஓரமாகப் போகிறான். எல்லம்மாள் வீட்டு ரேடியோ நான் தண்ணீர் பிடிக்கப் போனால் கம்மென்று ஆகிவிடுகிறது. முன்னே விசில் கேட்டு எழுந்தேன். இப்போது கேட்காமல் எழுந்து போய் நிற்கிறேன், எங்கேயாவது வருகிறதா என்று. மதகு வரைக்கும் போய்ப் பார்க்கிறேன். சத்தம் இருந்தபோது இவ்வளவு தூரம் போகவில்லை, வாசலோடு நின்றேன்.

உன் நைனாவுக்கு விஷயம் தெரிந்து, வாழ்க்கையில் என்னைக் கடிந்து பேசாத மனிதர், எங்கிட்ட ஒரு வார்த்தை கேட்டியா என்றார். ஊரு வாயெல்லாம் எம் புள்ள கீறான்னு நெனச்சிகினு இருந்தேன், நீ போயி எல்லார் வாயையும் மூடிட்டு வந்துகீற என்றார். அதோடு பேச்சு நின்றுபோனது. நான் வைத்த சோற்றைச் சாப்பிடுவார், தட்டைத் தானே கழுவி வைப்பார். கேசட்டும் போடுவதில்லை. படம் தீபாவளிக்கு வருகிறது என்று சுவரெல்லாம் போஸ்டர். கதையில் அந்தப் பொண்ணு ஜன்னலில் காத்திருக்குமாம், அந்தப் பையன் தெருமுனையில் வரும்போது விசிலடிப்பானாம். நைனா முதல் நாளே பார்க்க வேண்டும் என்று முன்னமே சொல்லிக்கொண்டிருந்தார். வேறு எவனோ உதட்டைக் குவிக்க, என் பிள்ளை சத்தம் வந்தால் அதை நான் எப்படி உட்கார்ந்து பார்ப்பேன், சொல்லு.

போன வாரம் மனசைத் திடப்படுத்திக்கொண்டு ஸ்டாண்டுக்குப் போனேன். திரும்ப அடிங்கப்பா, நான் சொன்னதை மறந்துடுங்க என்று சொல்லத்தான் போனேன். என்னைப் பார்த்ததும் சாய்ந்திருந்தவன் எல்லாம் நிமிர்ந்து நின்றான். செல்வராஜ் ஓடிவந்து, வாம்மா, முன்னாடி சீட்டு கீது குந்து என்றான். அடக்கத்துக்கு வந்த ஆட்கள் மாதிரி நிற்கிறார்களே, இவர்களிடம் எப்படிக் கேட்பது, அடித்துக்கொண்டிருந்தவனை அடிக்காதே என்று சொல்ல ஒரு வாய், அடி என்று சொல்ல எந்த வாய். நாவலூர் போகுதா என்று கேட்டேன். போகுதும்மா என்றான். அன்றைக்கு எனக்கு மெஸ் லீவு. இருந்தாலும் ஏறி உட்கார்ந்தேன், நாவலூரில் இறங்கி அடுத்த வண்டியில் திரும்பி வந்தேன்.

நேற்று சாயங்காலம் நடந்ததை உனக்குச் சொல்லாமல் இருக்க முடியாது, நீ சிரித்தாலும் சரி. துணி எடுக்கப் பின்பக்கம் போனவள், யாரும் இல்லை என்று பார்த்துக்கொண்டு உதட்டைக் குவித்து ஊதினேன். உன்னை அந்த நாளில், பொட்டப் புள்ளைக்கு இன்னாடி விசிலு என்று அடித்தவள்தான் நான். எனக்கு விசில் எங்கே வரும், முன்பல் ஒன்று போன வாயில் உஸ் உஸ்ஸென்று காற்றுதான் வந்தது. ஆனாலும் அவன் விசில் எப்படி ஏறும் எப்படி இறங்கும் என்று எனக்குத் தெரியுமே, அந்த அளவிலேயே காற்றை ஊதினேன். கடைசி வரைக்கும் வந்து மறுபடி முதலிலிருந்து ஊதுகிறேன், உள்ளே அடுப்பங்கரையில் தோசைக்கல்லில் டங் டங்கென்று ரெண்டு தட்டு கேட்டது. அவர் வீட்டில் இருந்ததே எனக்குத் தெரியாது. நான் ஊதுவதை நிறுத்தினேன். துணியைக் கொடியிலிருந்து எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டேன். உள்ளே போனால் கரண்டியைக் கையில் வைத்துக்கொண்டு நிற்கிறார். மாவு கீதா என்று கேட்டார். இருக்கிறது என்றேன். தோசை ஊற்றினேன், ரெண்டு பேரும் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிட்டோம். படத்துக்குப் போவதைப் பற்றி அவரும் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. இன்றைக்குக் காலையில், திரும்ப விசிலடிக்கச் சொல்லி ஸ்டாண்டில் தானே போய்ச் சொல்வதாகச் சொல்லிவிட்டுக் கிளம்பினார், இன்னும் வரவில்லை. அதனால்தான் வாசலுக்கும் உள்ளுக்குமாக நடந்துகொண்டிருக்கிறேன்.

கேசட் கைக்கு வந்ததும் பசி வயிற்றோடு கேட்காதே. சாப்பிட்டுவிட்டு, கூட யாரையாவது வைத்துக்கொண்டு கேள். வெயிலில் வெறுந்தலையோடு நடக்காதே, தலைக்கு எண்ணெய் வை. கிறிஸ்துமசுக்கு லீவு கேட்க மறக்காதே, இப்போதே எழுதிக் கொடுத்துவை. போகிற வழியிலும் வருகிற வழியிலும் கர்த்தர் உன் கூடவே இருந்து, உன்னை முழுசாக என் கையில் கொண்டுவந்து சேர்க்க வேண்டும் என்று தினமும் ஜெபம் பண்ணுகிறேன். நைனா உனக்கு முத்தம் சொல்லச் சொன்னார்.

உன்னைப் பெற்றவள்,
மோ. சந்திரம்மா

அம்முலு, ஓரத்தில் இடம் இருப்பதால் இதையும் எழுதுகிறேன். பாட்டின் கடைசியில் எல்லா வாத்தியமும் நின்ற பிறகும் அவன் விசில் நிற்காது, கொஞ்சம் கொஞ்சமாகச் சின்னதாகித் தூரமாகப் போய்விடும். டேப் சுற்றுகிற சத்தம்தான் மிச்சம். நான் தட்டாமல் அவன் ஒரு நாளும் நிறுத்தினதில்லையே, அந்தக் கண்ணாடி அறையில் யார் தட்டி அவன் நிறுத்தியிருப்பான்?