நானாத்தான் இருக்கேனுங்க

செம்மேடு பக்கம்,
கொல்லிமலை.

முள்ளுக்குறிச்சியில் இருக்கும் ஓம்பிரகாஷ் தம்பிக்கு, பூங்குழலியின் அப்பா குழந்தைசாமி எழுதுவது. இங்கே எல்லோரும் இருக்கிறோம். உங்கள் நலத்தை நான் கேட்கப் போவதில்லை. மாப்பிள்ளை என்று எழுத எனக்குத் தெரியும். எழுத மாட்டேன். எங்களைக் கேட்காமல் மலையிறங்கிப் போய் கீழ்நாட்டுக்காரரைக் கட்டிக்கொண்டவள் என் மகள்.

இது நான் எழுதும் முதல் கடிதம். போன மழைக்காலத்திலிருந்து கலைச்செல்வி டீச்சர் நடத்தும் முதியோர் வகுப்புக்குப் போகிறேன். ஒரு வரி எழுதி முடிப்பதற்குள் அடுப்பில் உலை கொதித்து வற்றிவிடுகிறது. ஆனாலும் என்ன ஒரு சந்தோஷம்! மனதில் நினைத்தது அப்படியே காகிதத்தில் வந்து உட்கார்ந்திருக்கிறது. ஹைகோர்ட்டில் நீங்கள் போட்ட ஆட்கொணர்வு மனுவுக்கு நோட்டீஸ் கொண்டுவந்த போலீஸ்காரர், கைநாட்டு வைக்க மை டப்பாவை நீட்டினார். அதைத் தள்ளி வைத்துவிட்டுப் பேனாவை வாங்கிக் கையெழுத்துப் போட்டேன். பிறகு எழுத்துக்கூட்டிப் படித்தேன். உங்கள் மனைவியை நான் அடைத்து வைத்திருக்கிறேனாம். சிரிப்புத்தான் வந்தது. எங்கள் வீட்டுக் கதவுக்குப் பூட்டே கிடையாது.

அம்மாவுக்கு உடம்பு முடியவில்லை என்று சொல்லித்தான் அவளை வரவழைத்தேன். பஸ்ஸிலிருந்து இறங்கி அழுதுகொண்டே ஓடிவந்தாள். அவள் அம்மா பாவாயி வாசலில் சாமை குத்திக்கொண்டிருந்தாள். வந்தவளை யாரும் கட்டிப் போடவில்லை, அடிக்கவில்லை. செல்போனை மட்டும் வாங்கி வைத்துக்கொண்டேன்.

சென்னையில் நீதிபதிகள் கேட்டது உங்கள் காதிலும் விழுந்திருக்கும். யாராவது மிரட்டினார்களா, யாரோடு போக விருப்பம் என்று பொறுமையாகத்தான் கேட்டார்கள். அவள், "எங்கப்பா ஊட்டுல நானாத்தான் இருக்கேனுங்க" என்றாள். மேஜர் பெண், அவளுடைய விருப்பம் என்று சொல்லி மனுவை முடித்துவிட்டார்கள். நீங்கள் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றதைப் பார்த்தேன். அவள் ஏன் உங்கள் பக்கம் திரும்பவே இல்லை என்று இன்னமும் யோசித்துக்கொண்டிருப்பீர்கள். நானே சொல்லிவிடுகிறேன்.

சென்னைக்குக் கிளம்பும் முன் அவளைக் குலசாமி கோயிலுக்குக் கூட்டிப்போனோம். எரிகிற கற்பூரத்தைக் கையால் அடித்து அணைத்துச் சத்தியம் செய்தவர்கள் எங்கள் ஊரில் சொல் மாறியதில்லை. புருஷனோடு போகிறேன் என்று கோர்ட்டில் சொன்னால் வயிற்றில் இருப்பதைச் சாமி எடுத்துக்கொள்ளட்டும் என்று சொல்லி அடிக்கச் சொன்னேன். "வேண்டாங்கப்பா, வவுத்துல இருக்கறத இதுல இழுக்காதீங்க" என்று என் காலைப் பிடித்தாள். நான்தான் அவள் கையைப் பிடித்துக் கற்பூரத்தின் மேல் வைத்து அழுத்தினேன். கொப்புளம் ஆறிக்கொண்டு வருகிறது.

நாலாம் மாதம். உங்களுக்குத் தெரிந்திருக்காது. அம்மாவைப் பார்த்துவிட்டுத் திரும்பி வந்து உங்களிடம் சொல்லலாம் என்று இருந்தாளாம்.

இப்போது ஒரே ஒரு தொல்லை. கோர்ட்டிலிருந்து வந்த பிறகு அவள் பேசுவதில்லை. கஞ்சியை வைத்தால் வைத்தபடியே இருக்கிறது. "புள்ளையக் கொண்டாந்துட்டீங்க, பொணத்தையா வெச்சுக் காப்பாத்தப் போறீங்க" என்கிறாள் பாவாயி. அவளுக்கு எப்போதுமே வாய் அதிகம். நீங்கள் வருவீர்கள் என்று பூங்குழலி ரோட்டையே பார்த்துக்கொண்டிருப்பதுதான் இதற்கெல்லாம் காரணம். அதனால் நீங்கள் ஓர் உதவி செய்ய வேண்டும். இனி நீ எனக்கு வேண்டாம் என்று ஒரு வரி எழுதி அனுப்புங்கள். நானே அவளுக்கு வாசித்துக் காட்டுகிறேன்.

கடிதத்தைத் திருத்தித் தரட்டுமா என்று டீச்சர் கேட்டார். நான் காட்டவில்லை. யாரும் சொல்லிக்கொடுத்து எழுதியது இல்லை இது. ஒவ்வோர் எழுத்தும் என் கை எழுதியது. யாருக்காவது சந்தேகம் வந்தால் தாராளமாக எடுத்துக் காட்டுங்கள், எங்கே கூப்பிட்டுக் கேட்டாலும் வந்து ஒப்புக்கொள்கிறேன்.

வேறு நல்ல பெண்ணாகப் பார்த்துக் கட்டிக்கொண்டு, பிள்ளைகுட்டியோடு நீங்கள் நன்றாக இருக்க வேண்டும் என்று சாமியை வேண்டிக்கொள்கிறேன். சீக்கிரம் எழுதுங்கள். நேற்றிலிருந்து அவள் தண்ணீரும் குடிக்கவில்லை.

இப்படிக்கு,
சொந்தக் கையெழுத்தில்,
சி. குழந்தைசாமி